ஒரு கோப்பிக்கு எவ்வளவு கொடுக்கலாம்?

ஜேர்மனியில் குடும்பத்தோடு வாழும் நம் வாசகர் ஒருவர் அண்மையில் நீண்ட கடிதமொன்று எழுதியிருந்தார். பெயரையும் ஊரையும் வெளியிட வேண்டாம், விடயத்தை மட்டும் எழுதுங்கள் என்பது அவருடைய வேண்டுகோள். பதினெட்டு ஆண்டுகளாக ஒரு தொழிற்சாலையில் வேலை செய்கிறார். தங்கைமார் இருவரையும் கரைசேர்த்துவிட்டார். பட்ட கடனும் தீர்ந்துவிட்டது. இத்தனை ஆண்டுகளில் தமக்கென்று விரும்பி ஒரு பொருளும் வாங்கியதில்லை என்கிறார். இப்போது ஓர் ஆசை பிறந்திருக்கிறது. எஸ்பிரெசோ கோப்பியை வீட்டிலேயே வடிப்பதற்கு இத்தாலியில் செய்யப்பட்ட உயர்தர இயந்திரமொன்றை வாங்க வேண்டும். விலை ஐயாயிரம் யூரோவுக்கு மேல்.

மனைவியிடம் சொன்னாராம். "உங்களுக்கு விசரே?" என்று கேட்டுவிட்டு அவர் மாலை வேலைக்குப் புறப்பட்டுவிட்டாராம். ஊரிலுள்ள தமையனாருக்குத் தொலைபேசியில் சொன்னாராம். "தம்பி, அந்தக் காசுக்கு இங்கே ஓர் ஏழை வீட்டுக்குக் கூரை போடலாம்" என்று அவர் சொன்னாராம். இரண்டு பதில்களாலும் மனம் நொந்து எம்மிடம் எழுதுகிறார்: "அதிகாலை நாலு மணிக்கு எழுந்து, எல்லோரும் உறங்கும்போது தனியே ஒரு கோப்பி குடித்துவிட்டு வேலைக்குப் போகிறேன். நாள் முழுவதிலும் அந்தப் பத்து நிமிடந்தான் என்னுடையது. சுவாமி, நான் ஆசைப்பட்டது பாவமா?"

இதை வாசித்து முறுவலிப்பவர்கள் இருக்கலாம். கோப்பி குடிப்பதற்கும் ஒழுக்கவியலுக்கும் என்ன தொடர்பு என்று கேட்கவும் கூடும். ஆனால் அந்தக் கடிதத்திலிருந்து கோப்பி இயந்திரத்தை அகற்றிவிட்டு, அதனிடத்தில் ஒரு மோட்டார் வண்டியையோ, கலியாணக் கூறையையோ, புதுமனையின் பளிங்குத் தரையையோ வைத்துப் பாருங்கள். கேள்வி மாறாது. தேவைக்கு அப்பாற்பட்ட நல்ல பொருளொன்றிற்கு மனிதன் எவ்வளவு செலவழிக்கலாம்? அதற்கு எல்லை எது? அந்த எல்லையை வகுப்பவர் யார்? நம்மில் எவரும் தட்டிக்கழிக்க முடியாத கேள்விகள் இவை.

ஒரு பொருளை அறியாமல் அதன்மீது தீர்ப்புச் சொல்வது நீதியன்று. ஆகவே முதலில் அந்த இயந்திரம் எத்தகையது என்று பார்ப்போம்.

கடைக்குப் பிறந்த இயந்திரம்

இத்தாலியின் தூரின் நகரில் ஆஞ்சலோ மொரியோண்டோ என்பவர் 1884 ஆம் ஆண்டில் நீராவியின் துணையால் கோப்பி வடிக்கும் இயந்திரமொன்றுக்குக் காப்புரிமை பெற்றார். அது மொத்தமாக வடித்து வைக்கும் வகையைச் சேர்ந்தது. 1901 இல் மிலான் நகரத்து லூயிஜி பெசேரா, கைப்பிடி பொருத்திய சிறு வடிகிண்ணத்தில் ஒவ்வொருவருக்கும் தனித்தனியே கோப்பி வடிக்கும் முறையை அமைத்தார். தெசிதேரியோ பவோனி அந்த உரிமையை வாங்கி, 1905 முதல் இயந்திரங்களைச் செய்து விற்கத் தொடங்கினார். கேட்டவுடன், கேட்டவருக்கென்றே விரைந்து வடித்துக் கொடுப்பது என்ற பொருளில் எஸ்பிரெசோ என்ற பெயர் நிலைத்தது.

ஆனால் நீராவியின் வெப்பம் கோப்பியைக் கருகச் செய்தது. அதன் அழுத்தமும் போதவில்லை. மிலானைச் சேர்ந்த அக்கிலே காஜியா, நெம்புகோலும் சுருள்வில்லும் கொண்ட முசலத்தால் வெந்நீரை அழுத்தித் தள்ளும் இயந்திரத்தை இரண்டாம் உலகப் போருக்குப் பின், 1947-48 ஆண்டுகளில், நடைமுறைக்குக் கொண்டுவந்தார். கோப்பியின் மேலே பொன்னிற நுரை ஆடைபோலப் படிந்தது அப்போதுதான். 1961 இல் வெளிவந்த பாயெமா நிறுவனத்தின் ஈ61 என்ற இயந்திரம், மனிதக் கை செய்த வேலையை மின்பம்பியிடம் ஒப்படைத்தது. அவ்வாண்டு பெப்ரவரியில் இத்தாலியில் தெரிந்த சூரிய கிரகணத்தின் நினைவாகவே அதற்கு அப்பெயரை இட்டனர். இன்று வீடுகளுக்கென விற்கப்படும் விலையுயர்ந்த இயந்திரங்கள் பலவற்றிலும் அந்த ஈ61 இன் தலைப்பகுதியே பொருத்தப்பட்டிருக்கிறது.

இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும. இந்த இயந்திரம் வீட்டுக்காகப் பிறந்ததன்று. காலை முதல் இரவு வரை நூற்றுக்கணக்கானோர் வந்துபோகும் கடைக்காகப் பிறந்தது. இத்தாலியர் கடையில் நின்றபடியே இரண்டு மிடறில் அதைக் குடித்துவிட்டு, ஒரு யூரோவைச் சற்று மீறும் விலையைக் கொடுத்துவிட்டுப் போகிறார்கள். அவர்களுடைய வீடுகளிலோ, அல்போன்சோ பியலெற்றியின் பெயரோடு 1933 இல் தோன்றிய எண்கோண வடிவான மோக்காக் குவளைதான் அடுப்பில் ஏறுகிறது. அதன் விலை சில பத்து யூரோக்கள். எஸ்பிரெசோவின் தாயகத்திலே பல குடும்பங்கள் வீட்டில் அந்த இயந்திரம் இல்லாமலே மனநிறைவோடு கோப்பி குடிக்கின்றன. இதை நம் வாசகர் அறிந்திருப்பது நல்லது.

விலை எதற்காக?

அப்படியாயின் ஐயாயிரம் யூரோ வெறும் ஏமாற்று வேலையா? இல்லை. இத்தாலிய எஸ்பிரெசோவுக்கென்று அந்நாட்டு நிறுவனம் வகுத்த அளவுகளைப் பாருங்கள். ஏறத்தாழ 7 கிராம் கோப்பித்தூள். 90 பாகை செல்சியஸுக்குச் சற்றுக் குறைந்த வெந்நீர். 9 பார் அழுத்தம். 25 வினாடி நேரம். கிண்ணத்தில் விழுவது 25 மில்லிலீற்றர். ஒன்பது பார் என்பது, கடலில் 90 மீற்றர் ஆழத்தில் நீர் தரும் அழுத்தத்துக்கு ஒப்பானது. அத்தகைய அழுத்தத்தையும் இரண்டொரு பாகைக்கு மேல் பிசகாத வெப்பத்தையும் ஒவ்வொரு தடவையும் மாறாமல் தருவது எளிதன்று. விலையின் பெரும்பகுதி அந்த மாறாமைக்கே.

விலை குறைந்த இயந்திரத்தில் ஒரே கொதிகலன் இருக்கும். கோப்பி வடித்தபின், பாலை நுரைக்க வைக்கும் நீராவிக்காக அது மேலும் சூடேறும்வரை காத்திருக்க வேண்டும். அடுத்த தரத்தில், நீராவிக் கொதிகலனுக்குள்ளே ஒரு குழாய் செல்லும். அதில் ஓடும் நீர் சூடேறிக் கோப்பியை வடிக்கும். இரண்டு வேலைகளையும் ஒரே நேரத்தில் செய்யலாம். உயர்ந்த தரத்தில் கோப்பிக்கு ஒன்று, நீராவிக்கு ஒன்று என இரு கொதிகலன்கள். புளோரன்ஸ் நகரில் 1927 இல் தொடங்கிய லா மார்சோக்கோ நிறுவனம் 2015 இல் வீட்டுக்கெனச் செய்த லீனியா மினி இவ்வகையைச் சேர்ந்தது. காஜியாவின் பெயரில் வரும் கிளாசிக் என்ற சிறிய இயந்திரமோ ஐந்நூறு யூரோ அளவில் கிடைக்கிறது. பால் கலக்காமல் நாளுக்கு இரண்டு கோப்பி குடிப்பவருக்கு ஒரு கொதிகலன் போதும். விருந்தினர் நால்வருக்குப் பால் நுரைத்துக் கொடுக்கும் வீட்டுக்கே மற்றவை பயன்படும்.

இவற்றையெல்லாம் விட முக்கியமானது இயந்திரத்துக்கு வெளியே இருக்கிறது. கோப்பிக்கொட்டை புதிதாக வறுத்ததாக இருக்க வேண்டும். அதைக் குடிக்கும் வேளையில் அரைக்க வேண்டும். அரைப்பு ஒரே சீராக இருக்க வேண்டும். தூள் சற்றுப் பருத்தால் நீர் ஓடிப்போய்ப் புளிக்கும். சற்று நுண்மையானால் அடைத்துக்கொண்டு கசக்கும். ஆகவே நல்ல அரைக்கும் கருவி இல்லாதவருக்கு எந்த இயந்திரமும் நல்ல கோப்பியைத் தராது. நீரில் சுண்ணாம்புத்தன்மை மிகுந்திருந்தால் கொதிகலனில் படிவு ஏறி, விலையுயர்ந்த இயந்திரத்தையும் சில ஆண்டுகளில் கெடுத்துவிடும்.

அரிஸ்டோட்டில் கண்ட கஞ்சன்

குருமடத்தில் மெய்யியல் கற்ற காலத்தில், அரிஸ்டோட்டில் எழுதிய ஒழுக்கவியல் நூலின் நான்காம் பகுதி எனக்கு வியப்பைத் தந்தது. பெருஞ்செலவையும் ஒரு நற்பண்போடு சேர்த்து அவர் பேசுகிறார். தகுந்த காரியத்துக்குத் தகுந்த அளவில் அழகாகச் செலவிடத் தெரிந்தவனை அவர் பாராட்டுகிறார். தன் நிலைக்கேற்ப வீட்டை அமைப்பதையும், நிலைத்து நிற்கும் பொருட்களுக்குச் செலவிடுவதையும் அப்பண்பில் சேர்க்கிறார். புனித தோமஸ் அக்குவைனாஸும் இப்பண்பை நற்பண்புகளின் வரிசையில் வைத்து ஆராய்ந்திருக்கிறார். ஆகவே விலையுயர்ந்த பொருளை வாங்குவது தன்னிலேயே தீமை என்று திருச்சபையின் மறைவல்லுநர் எவரும் படிப்பிக்கவில்லை.

அந்த நற்பண்பின் இரு பக்கங்களிலும் இரு குறைகள் நிற்கின்றன என்கிறார் அரிஸ்டோட்டில். ஒருவன் சிறு காரியத்துக்குப் பெருஞ்செலவு செய்கிறான். நண்பர்களுக்கு இடும் சாதாரண விருந்தைக் கலியாண விருந்துபோல நடத்துகிறான். பிறர் கண்ணை நிரப்புவதே அவன் நோக்கம். மற்றவன் பெருந்தொகையைச் செலவிட்டுவிட்டு, கடைசியில் அற்பத் தொகையை மிச்சம்பிடிக்கப் போய் முழுக் காரியத்தையும் கெடுத்துவிடுகிறான்.

இந்த இருவரையும் கோப்பி இயந்திரக் கடையில் இன்றும் காணலாம். முதலாமவன் சமையலறைக்கு வருவோர் வியக்க வேண்டுமென்று பளபளக்கும் பெரிய இயந்திரத்தை வாங்குகிறான். இரண்டாமவன் அதே இயந்திரத்தை வாங்கிவிட்டு, அரைக்கும் கருவிக்குக் காசு கொடுக்க மனமின்றிப் பழைய தூளைப் போட்டு வடித்துவிட்டு, இயந்திரம் சரியில்லை என்கிறான். ஆடத் தெரியாதவள் கூடம் கோணல் என்றாளாம்!

மூன்று கேள்விகள்

ஆகவே விலைச்சீட்டை மட்டும் பார்த்து நன்மை தீமையைச் சொல்ல முடியாது. வாங்குபவர் தம் மனச்சாட்சியிடம் மூன்று கேள்விகளைக் கேட்க வேண்டும்.

முதலாவது: என் கை இந்தக் கருவிக்குத் தகுதி பெற்றிருக்கிறதா? எனக்கு நேர்ந்ததைச் சொல்கிறேன். இளங்குருவாக இருந்தபோது, வெளிநாட்டிலுள்ள உறவினரிடம் சொல்லி விலையுயர்ந்த கமெரா ஒன்றைப் பெற்றுக்கொண்டேன். பங்கின் வரலாற்றைப் படமாகப் பதிவுசெய்யப் போகிறேன் என்று அவர்களிடம் சொன்னேன். என்னிடமும் அப்படியே சொல்லிக்கொண்டேன். ஒரு திருவிழாவுக்கு வெளியே எடுத்தேன். பிறகு அலுமாரிக்குள் போனது. இரண்டு மாரிகாலம் கழித்து எடுத்துப் பார்த்தபோது வில்லைக்குள் பூஞ்சணம் படர்ந்திருந்தது. நான் ஆசைப்பட்டது படம் பிடிப்பதற்கன்று. படம் பிடிப்பவனாக இருப்பதற்கு. கருவியை வாங்கினால் கலையும் கூட வரும் என்று எண்ணிவிட்டேன். வல்லவனுக்குப் புல்லும் ஆயுதம் என்ற பழமொழியின் மறுபக்கம், வல்லமை இல்லாதவனுக்கு வாளும் புல்லே என்பதுதான்.

இரண்டாவது: இதை யாருடைய கண்ணுக்காக வாங்குகிறேன்? ஒருவரும் வந்து பார்க்கப் போவதில்லை, படம் எடுத்து எவருக்கும் அனுப்பப் போவதில்லை என்றாலும் இதை விரும்புவேனா? ஆம் என்று மனம் தயங்காமல் சொன்னால் அந்த ஆசை கோப்பியின் மீதுள்ள ஆசையே. தயங்கினால், அது அயலவரின் மதிப்பின் மீதுள்ள ஆசை. அதை எந்தக் கொதிகலனாலும் தணிக்க முடியாது.

மூன்றாவது: இந்தப் பணம் யாருடையது? நான் உழைத்த பணம் என்பது பாதி விடை. கடன்பட்டு வாங்கினால் அது நாளைய நம் பிள்ளைகளின் பணம். மணமானவரின் ஊதியம் குடும்பத்தின் பொதுப் பணம். விரலுக்குத் தக்க வீக்கம் வேண்டும் என்று நம் முன்னோர் சொன்னபோது, வீங்கும் விரலின் வலி கை முழுவதையும் பற்றும் என்பதையும் அறிந்தே சொன்னார்கள்.

தமையனாரின் கூரை

இனித் தமையனார் சொன்னதற்கு வருவோம். பெத்தானியாவில் மரியாள் விலையுயர்ந்த நறுமணத் தைலத்தை ஆண்டவருடைய பாதங்களில் பூசியபோது, முந்நூறு தெனாரியத்துக்கு விற்று ஏழைகளுக்குக் கொடுத்திருக்கலாமே என்று ஒரு குரல் எழுந்தது. ஒரு கூலியாளின் ஏறக்குறைய ஓராண்டு உழைப்பு அது. அப்படிக் கேட்டவன் பணப்பையைக் களவாடிய யூதாஸ் என்று புனித யோவான் எழுதிவைத்திருக்கிறார். நல்ல செலவைக் கண்டவுடன் ஏழைகளின் பெயரைச் சொல்லி வாயடைப்பவர்கள் எல்லோரும் ஏழைகளை நேசிப்பவர்கள் அல்லர்.

இந்தப் பகுதியைக் காட்டித் தமையனாரின் வாயை அடைக்கலாம் என்று நம் வாசகர் நினைத்தால், இரண்டு விடயங்களைச் சொல்லவேண்டியிருக்கிறது. மரியாள் அந்தத் தைலத்தைத் தமக்குப் பூசிக்கொள்ளவில்லை, இன்னொருவருக்காக ஊற்றிவிட்டார். அடுத்து, ஏழைகள் எப்போதும் உங்களோடு இருப்பார்கள் என்ற ஆண்டவரின் சொல், உபாகமத்தின் பதினைந்தாம் அதிகாரத்தை நினைவூட்டுவது. அங்கே அதைத் தொடர்ந்து வருவது, ஆகையால் உன் கையைத் திறந்து கொடு என்ற கட்டளை. மிலானின் ஆயராக இருந்த புனித அம்புரோசியார், ஏழைக்கு நீ கொடுப்பது உன்னுடையதன்று, அவனுக்குரியதையே திருப்பிக் கொடுக்கிறாய் என்ற கருத்தை ஒளிவுமறைவின்றிப் போதித்தார். புனித தோமஸ், ஒருவர் தம் நிலைக்கேற்ற வாழ்வைக் கைவிட்டுத்தான் தர்மம் செய்யவேண்டும் என்று பொதுவாகக் கட்டாயப்படுத்தவில்லை. ஆனால் மிஞ்சியதில் ஏழைக்கு உரிமை உண்டு என்கிறார்.

தமையனார் கற்பனையாகப் பேசவில்லை. கூரையில்லாத வீட்டைத் தம் ஒழுங்கையிலே நாள்தோறும் காண்கிறார். அவர் சொன்னதைக் கேட்கத் தம்பிக்குக் கசந்தாலும், அதைக் கேளாததுபோல இருக்க முடியாது. அதே வேளையில், பதினெட்டு ஆண்டுகள் மற்றவர்களுக்காகவே உழைத்த ஒருவர் முதன்முறையாக ஒன்றை விரும்பும்போது, அந்த விருப்பத்தைக் கூரையால் மூடிவிடுவதும் அன்பன்று. வெளிநாட்டிலுள்ள உடன்பிறப்பைப் பணம் காய்க்கும் மரமாக மட்டும் பார்க்கும் பழக்கம் நம்மிடையே வளர்ந்திருக்கிறது. ஊரிலிருந்து இதை வாசிப்பவர்கள் அதைச் சற்றுச் சிந்திக்க வேண்டும்.

எமது பதில்

அன்புள்ள சகோதரரே, நீங்கள் ஆசைப்பட்டது பாவமன்று. நல்லதொன்றை நல்லதென்று உணர்வது கடவுள் தந்த கொடை. ஆனால் இப்போதைக்கு அந்தப் பெரிய இயந்திரத்தை வாங்காதீர்கள் என்பதே எமது ஆலோசனை. மலிவில் புண்ணியம் இருக்கிறது என்பதற்காகச் சொல்லவில்லை. உங்கள் கை இன்னும் பழகவில்லை. சிறிய இயந்திரமொன்றையும் அதற்குக் குறையாத தரமுள்ள அரைக்கும் கருவியையும் வாங்குங்கள். ஓராண்டு பழகுங்கள். அரைப்பையும் அளவையும் நேரத்தையும் கற்றுக்கொள்ளுங்கள். அதன் பிறகும் கருவியே தடையாக இருக்கிறதென்று உங்கள் நாக்கு சொன்னால், அப்போது மேலே போகலாம். அந்தச் செலவுக்கு வெட்கப்பட வேண்டியதில்லை.

இன்னொன்றும் உண்டு. நீங்கள் விரும்பிய இயந்திரத்தின் ஈ61 தலைப்பகுதி சரியாகச் சூடேறுவதற்கு ஏறக்குறைய அரை மணி நேரம் வேண்டும். உங்களுக்கு இருப்பதோ பத்து நிமிடம். நேரம் குறித்து அதைத் தானாக இயங்கவைக்கும் மின்சாதனம் இருக்கிறது என்று நீங்கள் சொல்லக்கூடும். உண்மைதான். ஆனால் உங்கள் கடிதத்தைத் திரும்ப வாசித்தபோது வேறொன்று எம் கண்ணில் பட்டது. நீங்கள் விடியமுன் போகிறீர்கள். உங்கள் மனைவி மாலையில் போகிறார். மூன்று பக்கக் கடிதத்தில் எவ்விடத்திலும் இருவரும் ஒன்றாக இருந்து கோப்பி குடித்ததாக ஒரு வரியும் இல்லை. "உங்களுக்கு விசரே?" என்ற கேள்வி விலையைப் பற்றியதுதானா என்று நீங்கள் அவரிடம் கேட்டுப்பார்க்கவில்லை. உங்களுக்குக் குறைவாக இருப்பது நல்ல கோப்பிதானா என்று எமக்கு ஐயமாக இருக்கிறது. வாரத்தில் ஒரு நாளாவது இருவரும் வீட்டில் இருக்கும் காலைவேளையைத் தேடிப் பிடியுங்கள். முதற் கிண்ணத்தை அவருக்கு வடித்துக் கொடுங்கள். சிறிய இயந்திரம் அதற்குப் போதும்.

தமையனாருக்கு என்ன சொல்வது? இத்தாலியின் நாப்போலி நகரத்தில் பழைய வழக்கமொன்று உண்டு. கடைக்கு வருபவர் ஒரு கோப்பி குடித்துவிட்டு இரண்டுக்குப் பணம் கொடுப்பார். இரண்டாவது கோப்பி, பணமில்லாமல் அடுத்து வரும் ஏழைக்கு. கொடுத்தவரும் குடித்தவரும் ஒருவரையொருவர் காண்பதில்லை. கோப்பி குடிப்பதை விட்டுவிட்டு ஏழைக்குக் கொடு என்று அந்த ஊர் மக்கள் சொல்லவில்லை; தமக்கு ஒன்று, தாம் அறியாதவருக்கு ஒன்று என்று அளவு வைத்தார்கள். அந்த அளவை நீங்களும் கைக்கொள்ளலாம். சிறிய இயந்திரத்துக்கு எவ்வளவு கொடுக்கிறீர்களோ, அதே தொகையைத் தமையனாருக்கு அனுப்பி, அந்த ஒழுங்கையிலுள்ள வீட்டுக்குச் சில தகரங்கள் வாங்கச் சொல்லுங்கள். முழுக் கூரைக்கும் அது போதாது என்பது உண்மை. மீதியைத் தமையனாரும் அயலவரும் பார்த்துக்கொள்ளட்டும். கூரையைப் பற்றி முதலில் பேசியவர் அவரல்லவா?